வரைவுக்கு வந்த கருத்துகளை என்ன செய்வது? விக்கிப்பீடியாவுக்கு எழுதும் மாணவர்களுக்கு

கல்லூரியில் விக்கிப்பீடியாவுக்கு ஒரு கட்டுரை எழுதச் சொல்லியிருக்கிறார்கள். நீங்களும் தலைப்பைப் பிடித்து, நூலகத்தில் நாலைந்து புத்தகங்களைப் புரட்டி, உங்கள் மணல்தொட்டியில் ஒரு வரைவைப் போட்டுவிட்டீர்கள். மணல்தொட்டி என்பது ஒவ்வொரு பயனருக்கும் உள்ள பயிற்சிப் பக்கம். அங்கே எழுதுவது கட்டுரையாகக் கணக்கில் வராது, ஆனால் மற்றவர்கள் பார்க்க முடியும். அடுத்து வகுப்புத் தோழர்கள் இரண்டு மூன்று பேர் அதைப் படித்து, பேச்சுப் பக்கத்தில் (ஒவ்வொரு பக்கத்தோடும் இணைந்துள்ள கலந்துரையாடல் பக்கம்) கருத்து எழுதுகிறார்கள். ஒருவர் "அருமை" என்று சொல்லிவிட்டுப் போய்விடுகிறார். இன்னொருவர் வரிக்கு வரி குறை சொல்கிறார். மூன்றாமவர் சொல்வது தப்பென்றே உங்களுக்குத் தோன்றுகிறது. சரி, இப்போது என்ன செய்வது?

அமெரிக்காவிலும் கனடாவிலும் விக்கி எஜுகேஷன் என்ற அமைப்பு பல்கலைக்கழக வகுப்புகளில் மாணவர்களை விக்கிப்பீடியாவுக்கு எழுத வைக்கிறது. அங்கே சக மாணவரின் வரைவுக்குக் கருத்துச் சொல்வது ஒரு பயிற்சி. தனக்கு வந்த கருத்துக்குப் பதில் சொல்வது தனியாக இன்னொரு பயிற்சி. இரண்டும் வெவ்வேறு திறமைகள்தானே. நம் ஊரில் முதலாவதைப் பற்றி யாராவது சொல்லித் தருவார்கள். இரண்டாவதை மாணவர்கள் தாங்களே தட்டுத்தடுமாறிக் கற்றுக்கொள்கிறார்கள்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக்கொள்வோம். கருத்து என்பது தீர்ப்பு அல்ல, உத்தரவும் அல்ல. ஒரு வாசகர் எந்த இடத்தில் தடுக்கினார் என்ற தகவல், அவ்வளவுதான். வாய்க்கால் தொடங்குகிற தலைமடையில் நிற்பவருக்குத் தண்ணீர் ஓடுவது கண்ணுக்குத் தெரியும். அது வாய்க்கால் முடிகிற கடைமடைக்குப் போய்ச் சேர்ந்ததா என்பதைக் கடைமடைக்காரர் வந்து சொன்னால்தான் தெரியும். எழுதியவர் நிற்பது தலைமடையில். தண்ணீர் ஏன் வரவில்லை என்று கடைமடைக்காரர் சொல்லும் காரணம் தப்பாக இருக்கலாம், ஆனால் வரவில்லை என்பது உண்மை. இந்த ஒரு வேறுபாடு பிடிபட்டுவிட்டால் மீதி எல்லாம் சுலபம்.

ஓர் எடுத்துக்காட்டை வைத்துக்கொண்டு பேசலாம். கும்பகோணத்தில் படிக்கும் ஒரு மாணவி 'நரசிங்கம்பேட்டை நாதசுவரம்' என்ற தலைப்பை எடுத்துக்கொண்டதாக வைத்துக்கொள்வோம். நல்ல தலைப்பு. 2022 மார்ச் மாதம் புவிசார் குறியீடு பெற்ற பொருள், நாளிதழ்களில் எழுதப்பட்டிருக்கிறது, அரசு ஆவணமும் இருக்கிறது. ஆகவே தனிக் கட்டுரைக்குத் தகுதி உண்டா என்ற கேள்வியே எழாது. அவர் வரைவு இப்படித் தொடங்குகிறது:

"நாதசுவரம் என்றாலே நம் நினைவுக்கு வருவது நரசிங்கம்பேட்டை. உலகப் புகழ்பெற்ற இவ்வூர்க் கலைஞர்கள் பரம்பரை பரம்பரையாகத் தங்கள் உயிரைக் கொடுத்து இந்த அரிய கலையைக் காத்து வருகின்றனர்."

மன்னார்குடியிலிருந்து வரும் சக மாணவர் எழுதுகிறார்: "தொடக்கம் விளம்பரம் மாதிரி இருக்கு. எந்த ஊர், எங்க இருக்குன்னே தெரியல."

படித்ததும் கோபம் வரும். நம் மண்ணைப் பற்றி நாலு வார்த்தை பெருமையாக எழுதியதில் என்ன குற்றம்? ஆடுதுறைக்கும் குத்தாலத்துக்கும் நடுவில் ரயில் நின்று போகிற ஊரைத் தெரியாதா? ஆனால் அந்தக் கருத்தில் இரண்டு தகவல்கள் இருக்கின்றன. ஒன்று, புகழ்ச்சி மட்டும் இருக்கிறது, செய்தி இல்லை. இரண்டு, ஊர் எங்கே என்பது எழுதியவருக்குத் தெரிந்திருப்பதால் எழுதாமலே விடுபட்டிருக்கிறது. தமிழ் விக்கிப்பீடியாவை நாகர்கோவிலிலும் படிக்கிறார்கள், யாழ்ப்பாணத்திலும் கோலாலம்பூரிலும் படிக்கிறார்கள். அவர்களுக்கு ஆடுதுறையும் தெரியாது, குத்தாலமும் தெரியாது. குற்றாலம் என்று நினைத்துக்கொண்டாலும் ஆச்சரியமில்லை.

திருத்திய வடிவம் இப்படி அமையலாம்:

"நரசிங்கம்பேட்டை நாதசுவரம் என்பது தமிழ்நாட்டின் தஞ்சாவூர் மாவட்டம், திருவிடைமருதூர் வட்டத்திலுள்ள நரசிங்கம்பேட்டையில் ஆச்சா மரத்தில் கையால் செய்யப்படும் ஊதுகருவி. 2022 மார்ச் மாதம் இதற்குப் புவிசார் குறியீடு வழங்கப்பட்டது."

இதில் ஒரு புகழ்ச்சிச் சொல்கூட இல்லை. இருந்தாலும் படிப்பவருக்கு ஊரின் மதிப்பு தெரிந்துவிடுகிறது. 'உலகப் புகழ்பெற்ற' என்பதை யாரும் நம்ப வேண்டிய அவசியமில்லை. புவிசார் குறியீடு என்பதைச் சரிபார்த்துக்கொள்ளலாம். விக்கிப்பீடியாவில் நடுநிலை நோக்கு என்று சொல்வது இதைத்தான்.

காவிரி டெல்டாக்காரர்களுக்கு இந்தச் சிக்கல் அடிக்கடி வரும், ஏனென்றால் நம்மிடம் பெருமைப்பட நிறைய இருக்கிறது. கல்லணையைப் பற்றி எழுதுகிற யாருக்கும் 'உலகின் மிகப் பழமையான அணை' என்று கை தானாக எழுதிவிடும். எகிப்திலும் ஜோர்தானிலும் அதைவிடப் பல நூற்றாண்டுகள் பழைய அணைகளின் எச்சங்கள் இருக்கின்றன. 'இன்றும் பயன்பாட்டில் உள்ள மிகப் பழைய நீர்க்கட்டுமானங்களுள் ஒன்று' என்றால் யாராலும் மறுக்க முடியாது. 'கரிகாலன் கட்டியதாகக் கருதப்படுகிறது' என்று எழுதுவதும், 19ஆம் நூற்றாண்டில் ஆங்கிலேயப் பொறியாளர்கள் செய்த மாற்றங்களைச் சேர்ப்பதும் கரிகாலனைக் குறைப்பதாகாது. "பிற்கால மாற்றங்கள் பற்றி ஒன்றுமே இல்லையே" என்று ஒருவர் கேட்டால், அவர் சோழர்களுக்கு எதிரி அல்ல. கட்டுரை ஒரு பக்கமாகச் சாய்ந்திருப்பதைச் சொல்கிறார்.

கருத்துச் சொன்னவரே தவறாக இருந்தால்?

மாணவியின் வரைவில் ஒரு வாக்கியம்: "நாதசுவரத்தில் ஏழு துளைகள் உள்ளன." திருவாரூர் மாணவி ஒருவர் அதற்கடியில், "தவறு. மொத்தம் 12 துளைகள். எங்க வீட்டிலேயே நாதசுவரம் இருக்கு" என்று எழுதுகிறார்.

எழுதியவரிடம் புத்தகம் இருக்கிறது, அதில் ஏழு என்று அச்சாகியிருக்கிறது. "இல்லை, ஏழுதான், பார்க்க பக்கம் இத்தனை" என்று பதில் போட்டுவிட்டால் வேலை முடிந்தது போலத் தோன்றும். முடியவில்லை. வாசிப்பவர் விரல் வைக்கும் துளைகள் ஏழு. குழலின் கீழ்ப்பகுதியில், அடியில் விரிந்திருக்கும் அணசுக்குப் பக்கத்தில், இன்னும் ஐந்து துளைகள் உண்டு. அவற்றில் விரல் படுவதில்லை. தேவைக்கேற்ப மெழுகால் அடைத்துச் சுருதியைச் சரிசெய்ய அவை பயன்படுகின்றன. ஆக இரண்டு பேர் எண்ணியதும் சரி. வாக்கியம்தான் எதை எண்ணுகிறது என்று சொல்லவில்லை.

அப்படியானால் பதில் எப்படி இருக்க வேண்டும்? "நன்றி. நூலில் உள்ள 7 என்பது விரல் வைக்கும் துளைகளின் எண்ணிக்கை. நீங்கள் சொன்ன 12 என்பது மொத்த எண்ணிக்கை. என் வாக்கியத்தில் அது பிரியவில்லை. இப்போது இரண்டையும் தனித்தனியாக எழுதி, நூலின் பக்க எண்ணையும் சேர்த்திருக்கிறேன். சரியாக இருக்கிறதா என்று பாருங்கள்."

கவனியுங்கள், கருத்துச் சொன்னவர் கேட்டது ஏழைப் பன்னிரண்டாக்கச் சொல்லி. எழுதியவர் அதைச் செய்யவில்லை, மறுக்கவும் இல்லை. அவர் தடுக்கிய இடத்தைச் சரிசெய்தார். கட்டுரைக்கு முன்பு இல்லாத ஒரு தகவலும் வந்து சேர்ந்தது. மறுக்க வேண்டிய கருத்துகளில் முக்கால்வாசி இப்படித்தான் இருக்கும் என்பது என் எண்ணம்: முடிவு தவறு, ஆனால் தடுக்கிய இடம் உண்மையான இடம்.

முழுக்கத் தவறான கருத்தும் வராமல் இருக்காது. "ஆச்சா மரம் இல்லை, தேக்கில்தான் செய்வாங்க" என்று ஒருவர் அடித்துச் சொன்னால், கையிலுள்ள சான்றைக் காட்டி, "நான் பார்த்த ஆவணத்தில் ஆச்சா என்றே உள்ளது. தேக்கு என்று சொல்லும் நூல் ஏதாவது தெரிந்தால் சொல்லுங்கள், பார்த்துவிட்டுச் சேர்க்கிறேன்" என்று எழுதினால் போதும். வம்பும் இல்லை, வளைந்து கொடுத்ததும் இல்லை. கருத்து வந்துவிட்டதே என்பதற்காக மட்டும் சரியான ஒன்றை மாற்றுவது, கருத்தையே கண்டுகொள்ளாமல் விடுவதைவிடக் கெடுதல்.

பட்டறையில் கேட்டது

இனி வருவதுதான் நம் பகுதி மாணவர்களுக்கு உண்மையிலேயே கஷ்டமான இடம். அதனால் கொஞ்சம் விரிவாகவே பார்ப்போம்.

மாணவி நரசிங்கம்பேட்டைக்கே போயிருக்கிறார். ஒரு பட்டறையில் உட்கார்ந்து, மரம் எங்கிருந்து வருகிறது, எவ்வளவு காலம் காய்ந்திருக்க வேண்டும், கடைசல் எப்படி நடக்கிறது என்று எல்லாம் கேட்டு எழுதி வந்திருக்கிறார். வரைவிலேயே சிறந்த பத்தி அதுதான். அந்தப் பத்தியின் கீழே வந்த கருத்து: "இதுக்குச் சான்று எங்கே?"

"நானே போய்க் கேட்டேன்" என்பது விக்கிப்பீடியாவில் செல்லாது. அந்த ஆசாரி பொய் சொல்கிறார் என்று யாரும் நினைப்பதால் அல்ல. அவரைவிட அந்த வேலை தெரிந்தவர் இருக்க முடியாது. சிக்கல் வேறு இடத்தில். யாழ்ப்பாணத்தில் படிக்கிற ஒருவருக்கு ஐயம் வந்தால், அவர் போய்ச் சரிபார்க்க ஓர் அச்சான நூலோ, நாளிதழோ, வெளியான ஆவணமோ வேண்டும். உங்கள் குறிப்பேடு அவருக்குக் கிடைக்காது. மெய்யறிதன்மை (எழுதியதைப் படிப்பவர் சரிபார்க்க முடிய வேண்டும்), சொந்த ஆய்வு கூடாது என்ற இரண்டு விதிகளும் இங்கேதான் வந்து நிற்கின்றன. நம் ஊர்க் கைவினை அறிவில் பெரும்பகுதி அச்சுக்கு வராமலே இருக்கிறது என்பதால் இந்த விதி நமக்குக் கூடுதலாகச் சுடுகிறது. அந்த வருத்தம் நியாயம்தான், ஆனாலும் விதி விதிதான்.

அதற்காக அந்தப் பத்தியைத் தூக்கி எறிய வேண்டியதில்லை. நேரில் கேட்டதைச் சான்றாக வைக்க முடியாதே தவிர, தேடுவதற்கான துப்பாக வைத்துக்கொள்ளலாம். பழைய வீடுகளை இடிக்கும்போது கிடைக்கும் ஆச்சா மரத்தைத்தான் பயன்படுத்துகிறோம் என்று அவர் சொன்னாரா? இப்போது உங்களுக்கு எதைத் தேட வேண்டும் என்று தெரியும். நாளிதழ்களின் பழைய செய்திகளில் தேடினால் அதே செய்தி அச்சில் கிடைக்கும். புவிசார் குறியீட்டுக்கான விண்ணப்பங்கள் சென்னையிலுள்ள பதிவகத்தின் இதழில் வெளியாகின்றன. செய்முறை, பொருள், இடம் எல்லாம் அதில் விளக்கப்பட்டிருக்கும். தஞ்சாவூர்த் தமிழ்ப் பல்கலைக்கழகம் 1981இல் தொடங்கியது. அதன் வாழ்வியற் களஞ்சியத் தொகுதிகளைப் பல கல்லூரி நூலகங்களில் பார்க்கலாம். இசைக்கருவிகள் பற்றிய நூல்களுக்கு நூலகரைக் கேளுங்கள். நீங்கள் தனியாகத் தேடும் நேரத்தில் பாதியில் எடுத்துத் தந்துவிடுவார்.

ஒரு எச்சரிக்கை. புவிசார் குறியீட்டு விண்ணப்பம் வெளியான ஆவணம்தான், ஆனால் அதை எழுதியவர்கள் குறியீடு கேட்டவர்களே. எந்த மரம், எப்படிக் கடைகிறார்கள் என்பதற்கு அதை எடுத்துக்கொள்ளலாம். 'வேறெங்கும் இப்படிக் கிடையாது' என்ற வகை வாக்கியங்களை அதிலிருந்து எடுக்க வேண்டாம். யாராவது அதைச் சுட்டிக்காட்டினால் அவர் சொல்வதுதான் சரி.

இவ்வளவு தேடியும் சான்று கிடைக்காத வரிகளை எடுத்துவிடுங்கள். பேச்சுப் பக்கத்தில், "சான்று கிடைக்காததால் மரம் காய வைக்கும் காலம் பற்றிய இரு வாக்கியங்களை எடுத்திருக்கிறேன். கிடைத்தால் மீண்டும் சேர்ப்பேன்" என்று குறித்து வையுங்கள். பின்னால் வேறொருவர் அந்தச் சான்றைக் கொண்டுவரக்கூடும்.

இன்னொரு வழியும் உண்டு, பலர் இதை யோசிப்பதில்லை. பட்டறையில் நீங்களே எடுத்த படங்களை, அங்கிருப்பவர்களின் சம்மதத்தோடு, விக்கிப்பீடியாவுக்கான படக் களஞ்சியமான விக்கிமீடியா பொதுவகத்தில், யாரும் பயன்படுத்தலாம் என்ற கட்டற்ற உரிமத்தில் ஏற்றலாம். கடைசல் படம் ஒன்று கட்டுரையில் இருந்தால், இரண்டு வாக்கியம் எடுத்துவிட்ட குறை தெரியாது. இணையத்தில் கிடைத்த படம் வேண்டாம்.

சான்று பற்றிச் சொல்லும்போதே இரண்டு சின்ன விஷயங்கள். ஒரு விக்கிப்பீடியா கட்டுரைக்கு இன்னொரு விக்கிப்பீடியா கட்டுரை சான்றாகாது. அப்புறம், "இந்தப் பத்தி ஒரு நாளிதழில் அப்படியே இருக்கிறதே" என்று ஒருவர் காட்டினால், அதற்கு விளக்கம் எழுதிக்கொண்டிருக்க வேண்டாம். முதலில் பத்தியை நீக்குங்கள், பிறகு உங்கள் சொற்களில் புதிதாக எழுதுங்கள். நடுவில் நாலு சொல்லை மாற்றினால் போதாது. மணல்தொட்டிதானே என்ற சலுகையும் இதற்குக் கிடையாது.

ஒருவர் கூட்டு என்கிறார், ஒருவர் குறை என்கிறார்

நாதசுவரக் கலைஞர் திருவாவடுதுறை டி. என். ராஜரத்தினம் பிள்ளையைப் பற்றி வரைவில் ஒரு பத்தி இருக்கிறது. 1898இல் பிறந்து 1956இல் மறைந்தவர், தோடி ராகத்துக்குப் பேர்போனவர். உயரம் குறைந்த, சுருதி கூடிய திமிரி நாதசுவரம் போய், நீளமும் தாழ்ந்த சுருதியும் கொண்ட பாரி நாதசுவரம் பரவிய கதையில் அவர் பெயரும் நரசிங்கம்பேட்டையின் பெயரும் சேர்ந்தே வரும். ஒரு மாணவர் "இவரைப் பற்றி இன்னும் எழுதுங்க" என்கிறார். மற்றவர் "இது அவரைப் பற்றிய கட்டுரை இல்லையே, வெட்டுங்க" என்கிறார்.

இருவரையும் திருப்திப்படுத்தப் பார்த்தால் பத்தி கெடும். தலைப்பைக் கேளுங்கள். கட்டுரை ஓர் ஊரில் செய்யப்படும் கருவியைப் பற்றியது. அந்தக் கருவி மாறியதில் அவருக்கு உள்ள பங்கு இங்கே வேண்டும். அவருடைய வாழ்க்கை வரலாறு வேண்டாம், அதற்குத் தனிக் கட்டுரை இருக்கிறது, இணைப்புக் கொடுத்தால் போயிற்று. ஆக, ஒருவர் சொன்னபடி பாரி நாதசுவரம் பற்றிய பகுதி கூடும், மற்றவர் சொன்னபடி வாழ்க்கைக் குறிப்பு குறையும். பதிலில் இருவருக்கும் காரணத்தைச் சொல்லிவிடுங்கள். இந்த மாற்றம் எந்த ஆண்டில் நடந்தது என்பதில் ஒரு நூல் ஒன்றும் ஒரு செய்திக் கட்டுரை வேறொன்றும் சொன்னால், நீங்கள் நீதிபதியாக வேண்டாம். எது எந்த ஆண்டைச் சொல்கிறது என்று இரண்டையும் குறிப்பிட்டு விட்டுவிடலாம்.

"அருமை", "நல்லா இருக்கு" என்று மட்டும் எழுதியவரை என்ன செய்வது? அவரிடம் கேள்வி கேளுங்கள். "நன்றி. செய்முறைப் பகுதியைப் படித்ததும், வாயில் வைத்து ஊதும் சீவாளி எங்கே பொருத்தப்படுகிறது என்று புரிந்ததா?" என்று குறிப்பாகக் கேட்டால் அவர் மறுபடி படிப்பார். பொதுவாக "வேறு ஏதாவது குறை இருக்கா?" என்று கேட்டால் "இல்லை" என்றுதான் வரும்.

எந்தக் கருத்தை முதலில் எடுப்பது என்பதற்கு வரிசை உண்டு. சான்று, பதிப்புரிமைச் சிக்கல், ஒருபக்கச் சாய்வு முதலில். பத்திகளின் வரிசை, எது கூட எது குறைய என்பது அடுத்து. ஒற்றுப்பிழையும் சந்தியும் கடைசியில். நம் வகுப்புகளில் இது தலைகீழாக நடக்கும். வல்லினம் மிகுமா மிகாதா என்று அரை மணி நேரம் பேசித் திருத்திய பத்தியை, சான்று இல்லை என்று மறுநாள் முழுதாக வெட்ட வேண்டியிருக்கும்.

பதில் எழுதும் முறை எளிது. ஒவ்வொரு கருத்துக்கும் அதன் நேர் கீழே பதில் எழுதி, கடைசியில் நான்கு அலைக்குறிகள் (~~~~) இட்டால் உங்கள் பயனர் பெயரும் நேரமும் தானாக வந்துவிடும். ஏற்றுச் செய்தது, வேறு விதமாகச் செய்தது, செய்யாதது என எதுவானாலும் ஒரு வரியாவது எழுதுங்கள். எல்லாத் திருத்தத்தையும் ஒரே மூச்சில் செய்து சேமிப்பதைவிட, கருத்துக்கு ஒன்றாகப் பிரித்துச் சேமித்து, சுருக்கப் பெட்டியில் "துளைகளின் எண்ணிக்கை தெளிவாக்கப்பட்டது" என்பது போல எழுதினால், வரலாற்றுப் பக்கத்தில் யாரும் சுலபமாக ஒப்பிட்டுப் பார்க்கலாம். திருத்தியாயிற்றே என்று கருத்துகளை அழித்துவிடக் கூடாது, அவை அங்கேயே இருக்கட்டும். வகுப்பில் வாடா போடா என்று பேசுகிற நண்பனாக இருந்தாலும் அங்கே 'நீங்கள்' என்றே எழுதுங்கள். அந்தப் பக்கத்தை முன்பின் தெரியாதவர்களும் படிப்பார்கள். சுள்ளென்று ஒரு கருத்து வந்திருந்தால் அன்றைக்கே பதில் போட வேண்டிய கட்டாயம் இல்லை, மறுநாள் எழுதலாம். கருத்து தருபவர் தரவே இல்லையென்றால், நீங்கள் முந்திக்கொண்டு அவருடைய வரைவைப் படித்து நாலு வரி எழுதுங்கள். நம் ஆட்கள் மொய்க்கணக்கு மறக்கமாட்டார்கள்.

சான்று கேட்ட இடங்களுக்கெல்லாம் ஒன்று சான்று வந்து, அல்லது அந்த வரி போய், ஒவ்வொரு கருத்தின் கீழும் உங்கள் பதில் இருந்தால் வரைவை முதன்மைவெளிக்கு, அதாவது கட்டுரைகள் இருக்கும் பகுதிக்கு, நகர்த்தலாம். நகர்த்தியதும் அதை, மாற்றங்களைக் காட்டும் உங்கள் கவனிப்புப் பட்டியலில் சேர்த்துக்கொள்ளுங்கள். இனி உங்களுக்குத் தெரியாத பயனர்கள் வந்து நேரடியாகத் திருத்துவார்கள், சிலர் கேட்காமலே பத்தியை மாற்றுவார்கள், சிலர் 'சான்று தேவை' என்று குறியிட்டுவிட்டுப் போவார்கள். அவர்களிடமும் கட்டுரையின் பேச்சுப் பக்கத்தில் இதே முறையில்தான் பேச வேண்டும்.